கணவனுக்குக் குரல் கொடுத்தவன்

பழைய நாவல்களைப் படமாக்க விரும்புகிறவர்கள் இப்போது என்னைத் தேடி வந்து கேட்பவை பெரும்பாலும் இரண்டு கேள்விகள். யாரை நடிக்க வைப்பது என்பது ஒன்று. யாருடைய கண்ணால் கதையைச் சொல்வது என்பது மற்றொன்று. இரண்டும் வெவ்வேறு என்று எண்ணிக்கொண்டே அவர்கள் வருகிறார்கள். யாங்கோனில் ஒரு வீடியோப் பட நிறுவனத்தில், பர்மிய நாவல்களைத் திரைக்கதையாக மாற்றும் பணியை ஏறத்தாழ இருபது ஆண்டுகள் செய்து ஓய்வு பெற்றவன் நான். இரண்டும் ஒரே கேள்விதான் என்பதை ஒரே ஒரு படத்தின்போது அறிந்துகொண்டேன். அந்தப் படத்தைப் பற்றி எழுதினால் யூசுப்பைப் பற்றி எழுதாமல் இருக்க முடியாது. யூசுப்பைப் பற்றி நடுநிலையோடு எழுத என்னால் முடியாது. இதை முதலிலேயே அறிவித்துவிடுவதுதான் முறை.

சென்ற மாதம் இளம் பெண் ஒருத்தி தாமுவேயில் உள்ள என் வீட்டுக்கு வந்தாள். நம்மவர் வீட்டுப் பெண்தான். தமிழ் புரியும், பேச்சு மட்டும் பர்மியத்திலேயே வரும். அந்த நாவலை மீண்டும் படமாக்கப் போகிறாளாம். நான் அலமாரியிலிருந்து என் பழைய திரைக்கதைப் பிரதியை எடுத்துத் தூசி தட்டி மேசைமேல் வைத்தேன். அவள் அதன் அட்டையை மட்டும் மரியாதையாகத் தொட்டுவிட்டு, "சயா, கோ யூசுப்போட நம்பர் உங்ககிட்ட இருக்கா?" என்று கேட்டாள். 'சயா' ஆசிரியரையும் 'கோ' அண்ணன் வயதினரையும் அழைக்கும் பர்மிய மரியாதைச் சொற்கள். எண்ணை எழுதிக் கொடுத்து அனுப்பினேன். அவள் போனபிறகு, இதை எழுதத் தொடங்கினேன்.

பயிற்சிக் காலத்தைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. என் தந்தையார் எழுத்தர். மிஷன் பள்ளியில் படித்தவர். மாலைதோறும் ஒரு புலவரிடம் என்னைத் தமிழ் இலக்கணம் கற்க அனுப்பினார். பல்கலைக்கழகத்தில் பர்மிய இலக்கியம் படித்தேன். அங்கேயே துணைப் பயிற்றுநராக அமர்ந்தேன். எண்பத்தெட்டின் மாணவர் கிளர்ச்சியில் பல்கலைக்கழகம் மூடப்பட்டது. அது திறக்கும்வரை காத்திருக்கும் வசதி எங்கள் வீட்டு அரிசிப் பானைக்கு இல்லை. அச்சுக்கூடத்தில் பிழை திருத்தினேன். பிள்ளைகளுக்கு வீட்டுப் பாடம் எடுத்தேன். இலக்கியம் தெரிந்த ஆள் வேண்டும் என்று வீடியோ நிறுவனம் ஒன்று தேடுவதாகக் கேள்விப்பட்டுப் போனேன். இலக்கியத்தை வீடியோக் கடைக்கு விற்கப் போகிறேன் என்று என் பழைய நண்பர்கள் பேசினார்கள். இல்லை, அதைக் காக்கப் போகிறேன் என்று நான் நம்பினேன்.

நிறுவனத்தின் இயக்குநர் ஊ லா ஷ்வே. அவரிடம் திரைக்கதையை எழுதிக் கொடுத்துவிட்டு வர முடியாது. முதலில் வாயால் சொல்லிக் காட்ட வேண்டும். தாழ்ந்த நாற்காலியில் லொங்ஜியை முழங்காலுக்குமேல் சுருட்டிக்கொண்டு கண்களை மூடி அமர்வார். மடியில் ஒரு தட்டு நிறையச் சூரியகாந்தி விதை. கதை அவரைப் பிடித்துக்கொண்டால் விதை கையிலேயே இருக்கும். கதை நழுவத் தொடங்கினால், பல்லிடுக்கில் முதல் விதை வெடிக்கும் ஓசை கேட்கும். அவர் குறுக்கிட மாட்டார், குறை சொல்ல மாட்டார், கொறிப்பார், அவ்வளவுதான். என் முதல் கதையைச் சொன்ன அன்று, ஆசிரியரின் வாக்கியங்களை ஒன்றுவிடாமல் ஒப்புவித்தேன். ஓடு துப்பும் ஓசையும் என் குரலும் தாளம் தப்பாமல் இணைந்து சென்றன. முடிந்ததும் கண்ணைத் திறந்தார்.

"நல்ல எழுத்து, சயா. ஆனா நீங்க சொன்னது புத்தகம். கதை எங்க?"

கதையும் நடையும் வேறுவேறு என்று சொல்பவர்களை நான் அதுவரை அறிவிலிகள் என்று மட்டுமே கருதிவந்தேன். அவரை அப்படிக் கருத முடியவில்லை. ஆகவே மெல்லக் கற்றுக்கொண்டேன். எந்த வாக்கியத்தைக் காட்சியாக்கலாம், எதைப் பாத்திரத்தின் வாயில் வைக்கலாம், எதை விட்டுவிட்டு இழப்பைத் தாங்கிக்கொள்ளலாம் என்பதெல்லாம் சில ஆண்டுகளில் கைவந்தன. விதை வெடிக்கும் ஓசையும் குறைந்துவந்தது. அந்தக் காலத்தில்தான் யூசுப் வந்து சேர்ந்தான்.

யூசுப்பின் தந்தைக்கு நகரின் லத்தாப் பகுதியில் குடைக்கடை. பூர்வீகம் தமிழ்நாட்டுக் கடற்கரையூர். யூசுப் கடையில் உட்காராமல் எங்களிடம் வசனம் எடுத்துக் கொடுப்பவனாகச் சேர்ந்தான். எங்கள் நடிகர்கள் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. ஒரே வாரத்தில் ஒரு படத்தை முடித்து அடுத்ததற்கு ஓட வேண்டியவர்கள் அவர்கள். கேமராவுக்குக் கீழே ஓர் ஆள் குந்தியிருந்து வரிவரியாக உரக்கச் சொல்ல, அவர்கள் கேட்டுத் திருப்பிச் சொல்வார்கள். அந்த ஓசையெல்லாம் பின்னர் நீக்கப்படும். குரல்களைத் தனியே பதிந்து சேர்ப்பார்கள். ஆகவே நான் எழுதியது எதுவாயினும், நடிகரின் வாய்க்குப் போவது கீழே குந்தியிருப்பவன் சொல்வதுதான். இந்த உண்மையின் கனம், யூசுப் அந்த இடத்தில் வந்து குந்தியபிறகே எனக்குப் புரிந்தது.

முதல் நாளே ஒரு வாக்கியத்தை மாற்றினான். நான் படப்பிடிப்பை நிறுத்தச் சொல்லி எழுந்தேன்.

"யூசுப், தாளில் என்ன எழுதியிருக்கிறது?"

"'என் உள்ளம் நிலைகுலைந்து தவிக்கிறது'ன்னு இருக்கு அண்ணே."

"நீ என்ன சொன்னாய்?"

"'எனக்கு ஒரு மாதிரி இருக்கு'ன்னேன்." சற்றும் கூச்சப்படாமல் சிரித்தான். "அந்தம்மா காலையிலேர்ந்து மொஹிங்காகூடச் சாப்பிடல. அவ்ளோ நீளத்தை அவங்க மூச்சு தாங்காது அண்ணே."

எல்லோரும் சிரித்தார்கள். நடிகை எல்லோரையும்விட அதிகமாகச் சிரித்தாள். பிறகு அவனுடைய வரியைச் சொல்லி அழுதாள், உண்மையாகவே அழுதாள். ஊ லா ஷ்வே என் பக்கம் திரும்பவில்லை. திரும்பியிருந்தாலும் நான் தாங்கியிருப்பேன். திரும்பாமல் இருந்ததுதான் என்னை அறுத்தது.

அதுமுதல் அவனை அளந்துகொண்டே இருந்தேன். கதை சொல்லும் அமர்வுகளில் அவனும் ஓரமாக உட்காருவான். நாவலை ஒருநாளும் முழுதாகப் படித்தவன் அல்லன். நான் சொல்வதைக் கேட்டுவிட்டு, "அப்புறம் அவன் என்ன செஞ்சான்?" என்று கேட்பான். நான் சொல்வதற்குள் தானே ஒன்றைச் சொல்லிவிடுவான். பெரும்பாலும் அது நாவலில் இல்லாததாக இருக்கும். இயக்குநரின் கையிலிருந்த விதை தட்டுக்குத் திரும்பிவிடும். அவனுக்குப் படிப்பு இல்லை, நூல் நயம் தெரியாது, இலக்கணம் அறவே கிடையாது என்று வீட்டில் என் மனைவியிடம் அடுக்குவேன். அவள் ஒருநாள் சோற்றை வடித்துக்கொண்டே, "இல்லாததையெல்லாம் சொல்றீங்க. என்ன இருக்குன்னுதான் சொல்ல மாட்டேங்கிறீங்க" என்றாள்.

தொண்ணூறுகளின் கடைசியில் அந்த நாவல் என் கைக்கு வந்தது. அதன் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. அறிந்தவர் அறிவர், அறியாதவர் தேடிப்பிடித்து அந்தப் படத்தைப் பார்ப்பதற்கு நான் துணைபோவதாயில்லை. போருக்கு முற்பட்ட காலத்தது. பதினெட்டு வயதில் முதலில் படித்தேன். பின்னர் எத்தனை முறை படித்தேன் என்று எண்ணியதில்லை. பக்கம் பக்கமாக எனக்கு மனப்பாடம்.

கதை எளியது. அன்று ரங்கூன் எனப்பட்ட யாங்கோனில் நில ஆவண அலுவலகத்து எழுத்தன் ஒருவன், ஆற்றுக்கு அப்பால் த்வாண்டேயில் பானை வனையும் வீட்டுப் பெண்ணை மணக்கிறான். நல்லவன். அடித்ததில்லை, ஏசியதில்லை. பட்டுத் துணி வாங்கித் தருகிறான். அவள் அழகை நாள்தோறும் புகழ்கிறான். களிமண் பழகிய அந்தக் கைகளுக்கு நகரத்து வீட்டில் என்ன வேலை என்று மட்டும் ஒருநாளும் கேட்டதில்லை. ஒரு விளக்குத் திருநாளுக்குத் தாய்வீடு போனவள் திரும்பவில்லை. கதை முழுவதையும் அவன் 'நான்' என்று தன் வாயாலேயே சொல்கிறான். படிப்பவனுக்கு எல்லாம் விளங்கிவிடும். சொல்பவனுக்குக் கடைசிவரை எதுவும் விளங்காது. நூலின் மேன்மை முழுவதும் அந்த இடைவெளியில்தான் இருக்கிறது.

இதை எப்படிப் படமாக்குவது? கேமரா அறிவுள்ள பிறவி. கணவன் காணாததையும் கண்டுவிடும். நான் ஒரு நெறி வகுத்தேன். கணவன் இல்லாத இடத்தில் மனைவியை ஒருமுறைகூடக் காட்டக் கூடாது. அவன் அலுவலகம் போனபின் அவள் என்ன செய்தாள் என்பது நமக்கும் தெரியக் கூடாது. அவனுடைய குரல் பின்னணியில் ஒலித்தபடி இருக்க வேண்டும். பணம் போட்டவர் லத்தாவில் துணிக்கடை வைத்திருந்த முதலாளி. மனைவி தனியே அழும் காட்சிகள் வேண்டும் என்று அவர் கேட்டார். அழுகைதான் விற்கும் என்றார். ஊ லா ஷ்வே என் பக்கம் நின்றார். அன்று நான் அடைந்த மகிழ்ச்சியை இன்றும் நினைத்துக்கொள்கிறேன், ஏனெனில் அந்தப் படத்தில் நான் வென்ற இடம் அது ஒன்றுதான்.

அடுத்தது நடிகையர் தேர்வு. நாவலில் மனைவியைப் பற்றிய வருணனை தெளிவாக உள்ளது. நெடிய உருவம், மெலிந்த கழுத்து, கழுத்தின் இடப்பக்கம் ஒரு மச்சம். அக்காலத்தில் புகழின் உச்சியில் இருந்த நடிகை ஒருவர் அந்த வருணனைக்கு அச்சில் வார்த்தாற்போல் இருந்தார். முதலாளியும் ஒப்புக்கொண்டார். அப்போது யூசுப் தேநீரை ஆற்றிக்கொண்டே, "நம்ம மா கின் ஏயைப் போடலாமே" என்றான்.

மா கின் ஏ பக்கத்து வீட்டுக்காரி வேடங்களில் நடிப்பவர். சண்டையும் சிரிப்புமாக வந்துபோகும் பாத்திரங்கள். அகன்ற முகம், குட்டையான உருவம், பெரிய கைகள்.

"நாவலில் என்ன எழுதியிருக்கிறது தெரியுமா?" என்றேன்.

"தெரியும் அண்ணே, நீங்கதானே சொன்னீங்க. அழகு அழகுன்னு அவன்தானே சொல்லிக்கிட்டு இருக்கான்? சொல்லட்டும். நாம அவளைப் பாத்துக்குவோம்."

"மச்சம்கூட எழுதப்பட்டிருக்கிறது."

"மச்சத்தை வேணும்னா ஒட்டிக்கலாம்."

ஊ லா ஷ்வே கண்ணைத் திறந்தார். பிறகு என்னிடம், "சயா, கணவனோட வாய் ஒண்ணு சொல்லுது, நம்ம கண்ணு வேற ஒண்ணைப் பாக்குது. நீங்க சொல்ற இடைவெளி அதுதானே?" என்றார்.

அதுதான். நான் வாழ்நாளெல்லாம் படித்து, வகுத்து, எழுதி நிறுவிய கொள்கை அது. என் கொள்கையின் அடுத்த படி எனக்குத் தோன்றவில்லை. குடைக்கடைக்காரன் மகனுக்குத் தேநீர் ஆற்றும்போது தோன்றியது. ஒரு பேரழகியைக் காட்டிக் கணவன் அழகு என்று சொன்னால், அவன் சொல்வது வெறும் செய்தி. அந்தப் பெரிய கைகளைக் காட்டிக்கொண்டே அவன் அவள் கழுத்தைப் புகழ்ந்தால், அவன் அவளைப் பார்த்ததே இல்லை என்பது எவருக்கும் விளங்கிவிடும். நான் தலையசைத்தேன். அன்று வீட்டுக்குப் பேருந்தில் போகாமல் தாமுவேவரை நடந்தே போனேன்.

எனினும் பின்குரல் எஞ்சியிருந்தது. படத்தின் 'நான்' அந்தக் குரல்தான். யார் அந்தக் குரலைத் தருகிறாரோ அவரே கணவன். நடிகரின் உடல் ஏறக்குறைய ஒரு சட்டை மட்டுமே. அந்தக் குரல் எனக்கே வரும் என்று உறுதியாக நம்பியிருந்தேன். எங்கள் திருச்சபையில் ஞாயிறுதோறும் வேதபாடம் வாசிப்பவன் நான். தமிழைப்போலவே பர்மியத்திலும் எழுத்து நடை வேறு, பேச்சு நடை வேறு. எழுத்து நடையை இடறாமல் வாசிக்கத் தெரிந்தவர்கள் எங்கள் நிறுவனத்தில் என்னைத் தவிர எவருமில்லை. இவற்றையெல்லாம்விட, அந்த வாக்கியங்களோடு நான் முப்பது ஆண்டுகள் குடும்பம் நடத்தியிருந்தேன்.

குரல்பதிவு அறை மேல்தளத்தில் இருந்தது. சுவரெங்கும் பழைய மெத்தைகளை ஆணியடித்து நிறுத்தியிருந்தார்கள். மின்சாரம் உள்ள நேரத்தில்தான் பதிவு. ஜெனரேட்டர் போட்டால் அதன் உறுமல் உள்ளே வந்துவிடும். ஊ லா ஷ்வே ஒரே பக்கத்தை முதலில் என்னிடம் தந்தார். பிறகு யூசுப்பிடமும் தந்தார். அவனிடம் ஏன் தருகிறார் என்று எனக்கு விளங்கவில்லை. நான் வாசித்தபோது ஒலிப்பதிவாளர் கைதட்டினார். யூசுப் இரண்டு இடங்களில் இடறினான். ஓர் இடத்தில் மூச்சை எங்கே விடுவது என்று தெரியாமல் விழித்தான். வெளியே வந்து, "அண்ணே மாதிரி வருமா?" என்று காதைச் சொறிந்தான். மனமாரச் சொன்னான். அவனிடம் எனக்குப் பிடிக்காத பலவற்றுள் இதுவும் ஒன்று.

மறுநாள் இயக்குநர் என்னைத் தனியே அழைத்தார்.

"குரலை யூசுப் கொடுக்கட்டும், சயா."

"அவன் இடறினானே."

"இடறினான். நீங்க இடறலை. நீங்க முதல் வரியை வாசிக்கும்போதே கடைசி வரி உங்க தொண்டையில இருக்கு. அவ போயிடுவாள்னு உங்களுக்குத் தெரியும். அந்தக் கணவனுக்குத் தெரியாதே? நீங்க வாசிச்சா அவன் புத்திசாலி ஆயிடறான்."

"நடிக்க முடியும். தெரியாதவனைப்போல வாசிக்கிறேன்."

"தெரியாதவன் ஒருத்தன் இருக்கும்போது எதுக்கு நடிக்கணும்?" என்றார். பிறகு அவர் தம் முறையை விளக்கினார். பாட்டுக் காட்சிக்குப் பாட்டை முதலில் பதிவதுபோல, ஒவ்வோர் அத்தியாயத்துக்கும் குரலை முதலில் பதிந்துவிட வேண்டும். பின்னர் அந்தக் குரலை ஒலிக்கவிட்டு நடிகரை அதற்கேற்ப இயங்க வைக்க வேண்டும். யூசுப்புக்கு அன்றன்றைக்கு உரிய தாள்களை மட்டும் தர வேண்டும். கதை சொன்ன அமர்வுகளில் அவன் கேட்டிருந்தது முதல் சில அத்தியாயங்களை மட்டுமே; இனி நாவலின் பிரதியும் அவன் கண்ணில் படக் கூடாது. "முடிவை யாரும் அவன்கிட்ட சொல்லக் கூடாது. ஆபீஸ்ல முழுசாப் படிச்ச ஆள் நீங்களும் நானும்தான். நான் சொல்ல மாட்டேன்."

அதாவது, என் எதிரியின் அறியாமைக்கு என்னையே காவல் வைத்தார்.

என் நிலையை எண்ணிப் பாருங்கள். அவனிடம் இருந்தது ஒன்றுதான்: தெரியாமை. நான் எவ்வளவு உழைத்தாலும் இனிப் பெற முடியாத ஒன்று. அந்த நாவலை முதன்முதலாகப் படிக்கும் பேற்றை நான் பதினெட்டு வயதிலேயே செலவழித்துவிட்டேன். அவன் அதைக் கையில் புதிதாக வைத்திருந்தான். அதை ஒரே வாக்கியத்தில் நான் அழித்துவிடலாம். 'அவள் வர மாட்டாள்' என்று தேநீர்க் கடையில் வாய்தவறிச் சொன்னாற்போல் சொன்னால் போதும். குரல் என்னிடம் திரும்பி வந்துவிடும்.

அவனோ நாள்தோறும் கெஞ்சினான். முதல் அத்தியாயங்களைப் படமாக்க நாங்கள் படகில் த்வாண்டேக்குப் போனோம். கால்வாயின் இருபுறமும் வயல்கள். படகு விளிம்பில் கேமராப் பெட்டிகள். யூசுப் என் அருகே நெருங்கி உட்கார்ந்தான்.

"அண்ணே, நேத்துத் தாள்ல அவ ஜன்னலண்ட போய் நின்னான்னு இருந்துச்சே, எதுக்கு நின்னா?"

"தெரியாது."

"உங்களுக்கா தெரியாது? புத்தகத்தையே விழுங்கினவரு!"

"இயக்குநரிடம் கேள்."

"அவர்கிட்ட கேட்டா விதையை நீட்டுறாரு. எனக்கு ராத்திரி தூக்கம் வரல அண்ணே. என் சம்சாரமும் கேக்குது. வாப்பாகூடக் கடையில கேக்குறாரு. ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க, அந்தப் பொண்ணு நல்லா இருக்குமா இருக்காதா?"

வாய் திறந்தேன். உண்மையாகவே திறந்தேன், காற்று உள்ளே வந்தது. அந்த இறுதி அத்தியாயம் முழுவதும் என் நாவின் நுனியில் நின்றது. ஆனால் அதை எந்தச் சொற்களால் சொல்வது? 'கடைசியில் அவள் வரவில்லை' என்றா? அந்த ஆசிரியர் ஓர் அத்தியாயம் முழுவதும் ஒருமுறைகூடச் சொல்லாமல் காத்த ஒன்றை, படகு இரைச்சலுக்கு நடுவே, மூன்று சொற்களில், சந்தைச் செய்தி போல நான் உடைப்பதா? யூசுப்பின்மேல் எனக்கு எந்த இரக்கமும் இல்லை. நூலின்மேல் இருந்தது. வாயை மூடிக்கொண்டேன்.

"கரை வருகிறது. பெட்டியைப் பிடி" என்றேன்.

வழக்கம்போல் ஒரே வாரத்தில் முடியாமல், இந்தப் படத்துக்கு இவ்வாறு வாரங்கள் சென்றன. அத்தியாயங்கள் ஏற ஏற அவன் குரல் தேர்ந்துவந்தது. இடறல்கள் போயின. ஆனால் அதில் ஒரு நம்பிக்கை இருந்தது. மனைவி சோர்ந்திருப்பதைச் சொல்லும் வரியை அவளுக்குத் தலைவலி என்றே நம்பி வாசித்தான். கணவனும் அப்படித்தான் எழுதியிருந்தான். மெத்தைச் சுவருக்கு இப்பால் நின்று கேட்கும்போது, பழகிய வரிகள் எனக்கே புதியனவாக ஒலித்தன. அதை எவரிடமும் நான் சொல்லவில்லை.

இறுதி அத்தியாயத்தின் பதிவு ஒரு பிற்பகலில் நடந்தது. மின்சாரம் போகும் நேரம் நெருங்கிக்கொண்டிருந்தது. ஊ லா ஷ்வே தாள்களை அவன் கையில் தந்தார். இதுதான் கடைசி என்று சொல்லவில்லை.

அந்த அத்தியாயத்தில் கணவன் த்வாண்டேக்குப் போகிறான். சூளைக்கு அருகே மனைவி பானை வனைந்துகொண்டிருக்கிறாள். நிமிர்ந்து பார்க்கிறாள். "எந்த அளவு வேண்டும்?" என்று கேட்கிறாள், வாங்க வந்தவரிடம் கேட்பதுபோல. அவன் ஒரு பானை வாங்கிக்கொண்டு படகேறுகிறான். சுற்றிலும் ஆட்கள் இருந்ததால் வெட்கப்பட்டு அப்படிக் கேட்டாள் என்று எழுதுகிறான். வீட்டுக்கு வந்து பானையில் நீர் நிரப்பி வைக்கிறான். நூலின் கடைசி வாக்கியம் இது: 'நாளை அவள் வரும்போது நீர் குளிர்ந்திருக்கும்.'

அந்த வாக்கியத்தை நான் எப்போதும் தாழ்ந்து அடங்கும் குரலில்தான் வாசித்துவந்தேன். விளக்கை அணைப்பதுபோல. எந்த வாசகனும் அப்படித்தான் வாசிப்பான் என்று எண்ணியிருந்தேன். யூசுப் வாசித்தான். 'நாளை' என்ற சொல்லில் அவன் குரல் மலர்ந்தது. 'குளிர்ந்திருக்கும்' என்பது அடங்கவில்லை. எழுந்து நின்றது, அடுத்த வரி இருக்கிறது என்பதுபோல. தாளைப் புரட்டும் ஓசை கேட்டது. புரட்டினான், பின்பக்கம் பார்த்தான், கீழே விழுந்திருக்குமோ என்று காலடியில் தேடினான். கண்ணாடி வழியாக எங்களைப் பார்த்தான்.

"அடுத்த தாள்?" என்று உதடு அசைந்தது.

ஊ லா ஷ்வே ஒலிப்பதிவை நிறுத்தச் சொன்னார். கதவைத் திறந்துகொண்டு யூசுப் நேரே என்னிடம் வந்தான்.

"அண்ணே, மீதித் தாள் உங்ககிட்டயா இருக்கு?"

"இல்லை."

"பின்னே யார்கிட்ட?"

"யாரிடமும் இல்லை. அவ்வளவுதான் நூல்."

அவன் சிரித்தான். நான் சிரிக்காததைக் கண்டு நிறுத்தினான். "அப்ப, அவ வரலையா?" என்றான். அவன் கையிலிருந்த தாள்களில் பின்னோக்கிப் போனான். சூளையருகே நின்ற வரிக்கு வந்து விரலை வைத்தான்.

"எந்த அளவு வேணும்னு கேட்டாளே... வெட்கத்துல கேக்கலையா அது?"

அவன் முகம் மாறுவதைப் பார்த்தேன். பதினெட்டு வயதில் என் முகமும் இப்படித்தான் மாறியிருக்க வேண்டும். அப்போது பார்க்க எவரும் இல்லை. அவன் பெஞ்சில் உட்கார்ந்து தாள்களை மடியில் கவிழ்த்துவைத்தான். பிறகு இயக்குநரிடம் சொன்னான்: "நான் தப்பா வாசிச்சுட்டேன், சயாஜீ. சந்தோஷமா வாசிச்சுட்டேன். இன்னொரு தடவை கொடுங்க. இப்பச் சரியா வாசிக்கிறேன்."

"வேண்டாம்" என்றார் ஊ லா ஷ்வே. "இனி நீயும் சயா மாதிரிதான் வாசிப்ப."

நிறுவனத்தில் என் பெயர் ஒரு குறையைச் சுட்டும் சொல்லாகப் பயன்பட்டது அன்றுதான். மின்சாரம் போயிற்று. யூசுப் இருட்டில், "பாவி, தெரிஞ்சுக்கிட்டே எங்கூட டீ குடிச்சீங்களே அண்ணே" என்றான். அவன் அழுதுகொண்டிருந்தான் என்று நினைக்கிறேன்.

படம் வெளிவந்தது. அக்காலத்தில் வீடியோக் கூடங்களில் பாய் விரித்து உட்கார்ந்து பார்ப்பார்கள். முதல் வாரம் தாமுவேயில் ஒரு கூடத்தில் பின்வரிசையில் போய் அமர்ந்தேன். அந்த வாக்கியம் வந்ததும் கூடத்தில் ஒருவரும் அசையவில்லை. அடுத்த வரி வரும் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். திரை வெறுமையாகும்வரை காத்திருந்தார்கள். அதன்பின்தான், ஒருத்திக்குப் பின் ஒருத்தியாகப் பெண்கள் மூக்கைச் சிந்தத் தொடங்கினார்கள். அந்த நூல் இப்படித்தான் முடிய வேண்டும் என்பது எனக்கு அங்கே தெரிந்தது. தாழ்ந்து அடங்கும் என் குரல் அவர்களை முன்கூட்டியே அழவைத்திருக்கும், காத்திருக்க வைத்திருக்காது. திரையில் 'திரைக்கதை' என்பதற்கு எதிரே என் பெயர் இருந்தது. யூசுப்பின் பெயர் எங்கும் இல்லை. வசனம் எடுத்துக் கொடுப்பவர்கள், குரல் கொடுப்பவர்கள் பெயரை நாங்கள் போடுவதில்லை. ஆயினும் குரல் யாருடையது என்ற செய்தி பரவி, மறுவாரமே லத்தாவில் அவன் தந்தையின் கடைவாசலில் ஆட்கள் நின்று அந்த வரியைச் சொல்லச் சொல்லிக் கேட்டார்களாம். அவன் சொல்ல மறுத்துவிட்டானாம். முடியவில்லை என்றானாம்.

இரண்டாயிரத்துப் பத்தில் நான் ஓய்வு பெற்றேன். நிறுவனத்தார் ஒரு பகலுணவு ஏற்பாடு செய்திருந்தார்கள். ஊ லா ஷ்வே அப்போது உயிரோடில்லை. இளையவர்கள் கூடி, அந்த நாவலின் கடைசிப் பக்கத்தை நான் வாசிக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்கள். யூசுப் முன்வரிசையில், நரைத்த தாடியோடு, தட்டை மடியில் வைத்துக்கொண்டு இருந்தான். நான் நூலைத் திறந்தேன். என் வாசிப்பு எது என்று ஒருமுறையாவது இவர்கள் கேட்கட்டும் என்று எண்ணினேன். சூளை, பானை, படகு எல்லாவற்றையும் என் நிதானத்தில் வாசித்து வந்தேன். கடைசி வாக்கியத்தில் குரலைத் தாழ்த்த முயன்றேன். தாழவில்லை. 'நாளை' என்ற இடத்தில் அது மலர்ந்தது. 'குளிர்ந்திருக்கும்' என்ற இடத்தில் எழுந்து நின்றது. தாளைப் புரட்ட என் விரல்கூட நகர்ந்துவிட்டது.

கைதட்டினார்கள். ஒரு பெண், "அப்படியே கோ யூசுப் குரல் மாதிரியே இருக்கு, சயா!" என்று மகிழ்ச்சியோடு கூவினாள்.

யூசுப் தட்டைக் கீழே வைத்துவிட்டு, "என்னம்மா சொல்றே? அண்ணன் எனக்கு முந்தியே படிச்சவரு" என்று அவளைக் கடிந்துகொண்டான். பிறகு என்னைப் பார்த்து, எல்லோர் எதிரிலும், "எனக்கு ஒரே ஒரு தடவைதான் அண்ணே அது வந்துச்சு. உங்களுக்கு இன்னும் வருதே" என்றான்.

அவன் கண்களில் இருந்தது இன்னதென்று எனக்கு உடனே தெரிந்துவிட்டது. நான் அவனைப் பார்த்துவந்த பார்வை அது; அதை அடையாளம் காண என்னைவிடத் தகுதியானவர் அந்தக் கூடத்தில் எவரும் இல்லை.